தேய்மானத்தைப் படித்தவர்

காசு கைமாறும்போதெல்லாம் சிறிது தேய்கிறது. ஒருமுறை கைமாறுவதில் தேய்வது எந்தத் தராசுக்கும் எட்டாது. பல்லாண்டுகள் சந்தையில் புழங்கிய காசை நிறுத்துப் பார்த்தால் தெரிந்துவிடும். ஒரே பட்டறையில் ஒரே நாளில் அடிக்கப்பட்ட காசுகள்கூட ஒரே அளவில் தேய்வதில்லை. ஒன்று வணிகனின் பையில் ஊர் ஊராக அலைந்திருக்கும். இன்னொன்று யாரோ ஒருத்தியின் முந்தானை முடிச்சில் உறங்கிக் கிடந்திருக்கும். ஆகவே காலம் செல்லச் செல்லக் காசுகளின் சராசரி எடை குறையும். எடைகளுக்கு இடையிலான வேறுபாடு கூடும். செய்தி இவ்வளவுதான். இதைக் கொண்டு மௌரியர் காலத்தையும் அதற்கு முந்தைய காலத்தையும் அணுகிப் பார்க்கலாம் என்று 1940ஐ ஒட்டிய ஆண்டுகளில் புணே ஃபெர்குசன் கல்லூரியின் கணித ஆசிரியர் ஒருவருக்குத் தோன்றியது.

அவர் தாமோதர் தர்மானந்த் கோசாம்பி. பண்டைய இந்திய வரலாற்றைப் பாடமாகப் படிக்கும் எவரும் முதலாண்டிலேயே அவர் பெயரைக் கேட்டுவிடுகிறார்கள். பெரும்பாலும் ‘மார்க்சிய வரலாற்றெழுதியலின் முன்னோடி’ என்ற ஒற்றை அடைமொழியோடு அந்த அறிமுகம் முடிந்தும்விடுகிறது. அடைமொழி பொய்யன்று. ஆனால் தேர்வுத்தாளில் எழுதுவதற்கு ஏற்ற அந்தச் சொற்றொடர், அவர் நாள்தோறும் செய்த வேலை என்ன என்பதைச் சொல்வதில்லை. அவர் காசுகளை நிறுத்தார், சுவடிகளை ஒப்பிட்டார், புணேயைச் சுற்றியுள்ள குன்றுகளில் நடந்து கல் பொறுக்கினார். மூன்றும் வெவ்வேறு துறைகளாகத் தோன்றுகின்றன. கேள்வி ஒன்றுதான்: பல கைகள் பட்டுத் தேய்ந்தும் திரிந்தும் வந்து சேர்ந்திருக்கும் ஒரு பொருளிலிருந்து, அதைத் தொட்ட கைகளைப் பற்றி என்ன அறியலாம்?

அவர் 1907 ஜூலை 31 அன்று கோவாவில் பிறந்தார். தந்தை தர்மானந்த கோசாம்பியின் வாழ்க்கையே தனி நூலுக்கு உரியது. பௌத்தத்தைக் கற்க வேண்டும் என்ற வேட்கையில் வீட்டைத் துறந்து வெளியேறி, காசியில் சமஸ்கிருதமும் இலங்கையிலும் பர்மாவிலும் பாலியும் பயின்று, பின்னர் ஹார்வர்டில் ‘விசுத்திமக்க’த்தின் பதிப்புப் பணிக்கு அழைக்கப்பட்டவர் அவர், 1947 ஜூனில் சேவாகிராமத்தில் உண்ணாநோன்பிருந்து உயிர் நீத்தார். மகன் 1918இல் தந்தையோடு அமெரிக்கா சென்று அங்கே பள்ளிக் கல்வி பெற்றார். 1929இல் ஹார்வர்டில் மிக உயர்ந்த தகுதியுடன் பட்டம் பெற்றார். கிரேக்கம், இலத்தீன், பிரெஞ்சு, ஜெர்மன், இத்தாலியம் எல்லாம் அந்த ஆண்டுகளின் சேமிப்பு. வரலாற்றில் அவர் எந்தப் பட்டமும் வாங்கவில்லை. இறக்கும்வரை எந்த வரலாற்றுத் துறையிலும் அவருக்கு ஒரு நாற்காலி இருந்ததில்லை. இதை மனத்தில் இருத்திக்கொண்டுதான் மேலே படிக்க வேண்டும்.

இந்தியா திரும்பியவர் பனாரஸில் கணிதம் கற்பித்தார். பிறகு அலிகர். அங்கே அவரை அழைத்தவர் ஆந்த்ரே வெய்ல், இருபதாம் நூற்றாண்டின் பெருங்கணிதர்களுள் ஒருவர். அப்போது அவருக்கு வயது இருபத்தைந்துகூட நிரம்பியிருந்ததா என்பதே சந்தேகம். வெய்லின் தூண்டுதலால் கோசாம்பி ஒரு குறும்பு செய்தார்: பூர்பாகி என்ற இல்லாத ருஷ்யக் கணிதரின் தேற்றத்தைப் பொதுமைப்படுத்துவதாக 1931இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். பின்னாளில் பிரெஞ்சுக் கணிதர் குழு ஒன்று அதே பெயரைப் புனைபெயராகச் சூடி உலகப்புகழ் பெற்றது. கணித இதழ் ஒன்றில் அந்தப் பெயர் முதலில் அச்சானது நம் நாட்டின் ஐக்கிய மாகாணத்தில் என்பது அத்துறைக்கு வெளியே பலர் அறியாத செய்தி.

1933இல் ஃபெர்குசன் கல்லூரியில் சேர்ந்த கோசாம்பி பன்னிரண்டு ஆண்டுகள் அங்கே கற்பித்தார். புள்ளியியலைத் தாமே கற்றுக்கொள்ள வேண்டும் என்று விரும்பியவர், அதற்கு நடைமுறைச் சிக்கல் ஒன்றைத் தேடினார். கிடைத்தவை முத்திரைக் காசுகள்.

எழுத்தே இல்லாத வெள்ளித் துண்டுகள் அவை. மன்னன் பெயரில்லை, ஆண்டில்லை. ஒரு பக்கத்தில் சூரியன், மலை, விலங்கு முதலிய சின்னங்கள். மறுபக்கத்தில் சிறு சிறு குறிகள். தக்கசீலத்தின் பீர் மேட்டில் 1924இல் கிடைத்த புதையலில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட இத்தகைய காசுகள் இருந்தன. அவற்றோடு அலெக்சாந்தரின் இரண்டு காசுகளும் அவருக்குப் பின் வந்த பிலிப்பின் ஒரு காசும் தேயாத புத்தம்புதிய நிலையில் கிடைத்தமையால், புதையல் கி.மு. நான்காம் நூற்றாண்டின் இறுதியில் புதைக்கப்பட்டது என்று கணிக்க முடிந்தது. அறிஞர்கள் சின்னங்களைப் பார்த்து எது எந்த வமிசத்துக்கு உரியது என்று ஊகித்துக்கொண்டிருந்தார்கள். கோசாம்பி சின்னங்களுக்கு முன் தராசை எடுத்தார்.

முதலில் தம் காலத்துக் காசுகளை ஆயிரக்கணக்கில் நிறுத்தார். அவற்றில் அச்சடித்த ஆண்டு பொறிக்கப்பட்டிருக்கும். எனவே எத்தனை ஆண்டில் எவ்வளவு தேய்கிறது, எடைகளின் பரவல் எப்படி விரிகிறது என்பதைச் சரிபார்த்துக்கொள்ளலாம். விடை தெரிந்த கணக்கில் கருவியைச் சோதித்துவிட்டு, விடை தெரியாத கணக்குக்குச் சென்றார். தக்கசீலக் காசுகளில் அவர் கண்டது எளிமையானது, அழகானது: மறுபக்கக் குறிகள் கூடக்கூட எடை சீராகக் குறைந்தது. அப்படியானால் அந்தக் குறிகள் பட்டறையில் இட்டவை அல்ல. காசு புழங்கிக்கொண்டிருந்த காலத்தில் வணிகர்களோ நாணயம் பார்ப்பவர்களோ அவ்வப்போது சோதித்து இட்ட அடையாளங்கள். முன்பக்கம் வெளியிட்டவரின் ஆவணம்; பின்பக்கம் சந்தையின் ஆவணம். பிற்காலப் புதையலின் காசுகளில் எடை ஒழுங்கு தளர்ந்து, செம்புக் கலப்பும் மிகுந்திருந்ததை அவர் மௌரியக் கருவூலத்தின் நெருக்கடியோடு இணைத்தார். எல்லா முடிவுகளும் இன்று அப்படியே ஏற்கப்படுவதில்லை. ஆயினும் எழுத்தற்ற ஒரு பொருளைப் பேசவைக்க அதன் உருவத்தைவிட அதன் பயன்பாடு உதவும் என்ற பார்வை அசையாமல் நிற்கிறது.

காசு அவரை அடுத்த கேள்விக்குத் தள்ளியது: இவற்றை வெளியிட்டவர் யார்? அதற்கு நூல்களைப் படிக்க வேண்டும். நூல்களுக்குச் சமஸ்கிருதம் வேண்டும். வீட்டில் காதில் விழுந்த மொழிதான் என்றாலும், முறையாகப் படிக்க ஒரு நூலைத் தேர்ந்தார். அது பர்த்ருஹரியின் சுபாஷிதங்கள். நீதி, சிருங்காரம், வைராக்கியம் என மூன்று சதகங்களாக இந்தியா முழுவதும் மனப்பாடம் செய்யப்பட்ட பாடல்கள். மொழியியல் மாணவர்களுக்குப் பர்த்ருஹரி என்றதும் ‘வாக்கியபதீயம்’ நினைவுக்கு வரும். இலக்கணியும் கவிஞரும் ஒருவரா என்பது இன்றும் தீராத வழக்கு. கோசாம்பிக்கு அந்த வழக்கைவிட அருகிலேயே பெரிய குழப்பம் காத்திருந்தது. இரு சுவடிகளை அருகருகே வைத்தால் பாடல் எண்ணிக்கை ஒத்துவரவில்லை, வரிசை ஒத்துவரவில்லை, சொற்கள் ஒத்துவரவில்லை. மொழிப் பயிற்சிக்காக எடுத்த நூல் பல ஆண்டுப் பணியாக வளர்ந்தது. 300க்கும் மேற்பட்ட சுவடிகளை ஒப்புநோக்கி 1948இல் அவர் வெளியிட்ட செம்பதிப்பில், பர்த்ருஹரி பெயரில் வழங்கும் எண்ணூறுக்கும் மேற்பட்ட பாடல்களில் ஏறத்தாழ 200 மட்டுமே பெரும்பாலான சுவடி மரபுகளுக்கும் பொதுவானவை என்று பிரித்துக் காட்டினார்.

இங்கே சற்று நிற்கத் தோன்றுகிறது. காசு புழங்கப் புழங்க இளைக்கிறது. பலர் விரும்பும் நூலோ புழங்கப் புழங்கப் பருக்கிறது. திசை எதிரெதிர், கணக்கு ஒன்று. படியெடுத்தவர் தமக்குத் தெரிந்த நல்ல பாடலொன்றை ‘இதுவும் பர்த்ருஹரியுடையதாகத்தான் இருக்க வேண்டும்’ என்று சேர்த்துவிடுகிறார். மனப்பாடமாகத் தெரிந்த பாடல் என்பதால் முன்னால் இருக்கும் ஏட்டைப் பாராமல் நினைவிலிருக்கும் வடிவத்தை எழுதிவிடுகிறார். எந்தச் சுவடி எதன் வழித்தோன்றல் என்று வமிசமரம் வரையும் முறை இத்தகைய நூல்களில் தடுமாறுவது இதனால்தான்; கிளைகள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்கின்றன. கோசாம்பியோ ஒவ்வொரு சுவடிக்கும் தனித்தனியே தீர்ப்புச் சொல்ல முயலாமல், திரளாகப் பார்த்தார். எந்தப் பாடல் எத்தனை மரபுகளில், எந்த வட்டாரங்களில் நிலைத்திருக்கிறது என்று எண்ணினார். புதையலைப் பார்த்த கண்ணால் சுவடிக்கட்டைப் பார்த்தார் என்று சொன்னால் மிகையாகாது. அவருடைய வரலாற்று நூல்களைப் போற்றுகிறவர்கள் இந்தப் பதிப்பைக் கையில் எடுப்பதே அரிது என்பது வருத்தத்துக்குரியது.

அதே பர்த்ருஹரியைப் பற்றி அவர் 1941இல் எழுதிய கட்டுரை பண்டிதர்களைச் சீண்டியது. அந்தத் துறவுப் பாடல்களில் உண்மைத் துறவு இல்லை. புரவலரை நம்பிப் பிழைக்க வேண்டிய கற்றவர் ஒருவரின் ஏமாற்றமும் தப்பித்தலும் இருக்கின்றன என்பது அவர் வாதம். பாதி சரி, பாதி அநியாயம். ஒரு கவிஞனின் வர்க்கத்தைச் சொல்லிவிட்டால் கவிதையைச் சொல்லிமுடித்தாயிற்று என்ற அவசரம் அவரிடம் இருந்தது. பின்னர் வி. வி. கோகலேயோடு இணைந்து வித்யாகரரின் ‘சுபாஷிதரத்னகோச’த்தை 1957இல் ஹார்வர்டு வரிசையில் பதிப்பித்தபோது முன்னுரையில் அதே அவசரம் தலைகாட்டியது. வங்கத்துப் பௌத்த மடாலயம் ஒன்றில் 1100ஐ ஒட்டித் தொகுக்கப்பட்ட 1,700க்கும் மேற்பட்ட பாடல்கள் அவை. திபெத்திய மடமொன்றில் கிடந்த ஓலைச்சுவடியை ராகுல சாங்கிருத்தியாயன் படமெடுத்துக் கொண்டுவந்திராவிட்டால் பதிப்பே இல்லை. 1965இல் அதனை முழுவதுமாக ஆங்கிலத்தில் பெயர்த்த டேனியல் இங்கால்ஸ், கோசாம்பியின் இலக்கிய மதிப்பீட்டைத் தம் முன்னுரையில் வெளிப்படையாக மறுத்தார். இங்கால்ஸ் பக்கமே நியாயம் கூடுதல். ஆனால் அந்த மறுப்பை எழுதவும் அவருக்குக் கோசாம்பி மீட்டுக் கொடுத்த மூலபாடம்தான் வேண்டியிருந்தது. ஒரு வர்க்கத்தின் பொழுதுபோக்கு என்று தாம் கருதிய கவிதையின் ஒவ்வோர் எழுத்துக்காகவும் ஆண்டுக்கணக்கில் கண்ணைத் தேய்த்துக்கொண்டவரை வெறும் கொள்கைக்காரர் என்று ஒதுக்குவது எளிதன்று.

மூன்றாவது வேலை நடை. சூத்திரகரின் ‘மிருச்சகடிக’த்தின் முதல் அங்கத்தில் சாருதத்தன் தன் நண்பன் விதூஷகனிடம் நாற்சந்தியில் அன்னையருக்குப் பலி வைத்துவரச் சொல்கிறான். வகுப்பில் உரையாசிரியரின் துணையோடு இதைக் கடந்துவிடுவோம். கோசாம்பி கடக்கவில்லை. எந்த அன்னையர்? ஏன் நாற்சந்தி? ஏடுகளில் விடை போதாமல் புணேயைச் சுற்றியுள்ள ஊர்களுக்கு நடந்தார். ஊருக்கு வெளியே, பழைய தடங்கள் கூடுமிடங்களில் செந்தூரம் பூசிய உருவமற்ற கற்கள் அன்னையராக வழிபடப்படுவதையும், அதே தடங்களின் ஓரத்தில் நுண்கற்கருவிகள் சிதறிக் கிடப்பதையும் கண்டார். உழவு வருவதற்கு முன் இடம்பெயர்ந்து வாழ்ந்த குழுக்கள் சந்தித்துக்கொண்ட இடங்களே பின்னாளின் நாற்சந்திகள் என்ற முடிவுக்கு வந்தார். ஆட்டுமந்தைகளோடு இன்றும் பருவந்தோறும் அலையும் தங்கர்களோடு மராத்தியில் பேசி அவர்களின் பாதைகளைக் கேட்டறிந்தார். கார்லேயின் பௌத்தச் சைத்தியத்து வாயிலிலேயே ஏக்வீரா தேவியின் கோயில் இருப்பதும், கோலி மக்கள் இன்றும் அங்கே திரள்வதும் அவருக்கு வியப்புச் செய்தி அல்ல, சான்று.

இந்த முறையில் ஆபத்து உண்டு. மொழியியல் பயின்றவர்களுக்கு அது உடனே தட்டுப்படும். இன்றைய கிளைமொழிகளை வைத்து மூலமொழியை மீட்டெடுக்கலாம். ஆனால் இன்று இருக்கும் ஒன்று பழையதன் எச்சம் என்பதை நிறுவ வேண்டும், கருதிக்கொள்ளக்கூடாது. கடன் வாங்கியதும் புதிதாகத் தோன்றியதும் பழையதைப் போலவே காட்சி தரும். கல்லாயுதம் கிடந்த இடத்திலேயே ஆயிரம் ஆண்டு கழித்து வேறொரு கூட்டத்தார் புதிதாக ஒரு கல்லை நட்டு வணங்கியிருக்கலாம். காசில் அவர் கடைப்பிடித்த கறாரான சோதனை இங்கே எல்லா இடத்திலும் இல்லை. இருந்தும், சமஸ்கிருத நாடகத்தின் ஒரு வரிக்குப் பொருள் காணக் கோடை வெயிலில் குன்றேற வேண்டும் என்று அதற்குமுன் எத்தனை வரலாற்றாசிரியர்கள் நினைத்தார்கள்?

இவையெல்லாம் திரண்டு 1956இல் ‘இந்திய வரலாற்று ஆய்வுக்கு ஓர் அறிமுகம்’ என்ற ஆங்கில நூலாயின. வமிசம், அரசன், போர் என்று சென்றுகொண்டிருந்த வரலாற்றை உற்பத்திச் சாதனங்களின், உற்பத்தி உறவுகளின் வரலாறாக அந்நூல் திருப்பியது. எந்த அரசன் ஆண்டான் என்பதைவிட அந்த மக்களிடம் ஏர் இருந்ததா என்பது முக்கியம் என்றது. நிலமானிய முறை மேலிருந்து வந்ததும் கீழிருந்து வளர்ந்ததும் வேறு வேறு என்ற பகுப்பு இன்றும் விவாதத்தில் இருக்கிறது, 1965இல் ஆர். எஸ். சர்மா எழுதிய நிலமானிய ஆய்வும் இந்த உரையாடலின் பகுதியே. தமிழகத்தைப் பற்றி அவர் எழுதியது மிகக் குறைவு. வடக்கையும் தக்காணத்தையும் பார்த்த கண், சங்கப் பாடல்களின் பக்கம் திரும்பியிருந்தால் என்ற ஏக்கம் தமிழ் வாசகருக்கு எழுவது இயல்பு.

கட்சிக்காரர்களுக்கும் அவர் உவப்பானவராக இல்லை. எல்லாச் சமூகங்களும் அடிமை உடைமைக் கட்டத்தைக் கடந்தே ஆகவேண்டும் என்ற வாய்பாட்டை இந்தியாவுக்குப் பொருத்தி எஸ். ஏ. டாங்கே எழுதிய நூலை, 1949இல் பண்டார்க்கர் நிறுவன இதழிலேயே கிழித்துப்போட்டார். சான்று இல்லாத இடத்தில் கோட்பாட்டை ஊற்றி நிரப்புவது மார்க்சியம் ஆகாது என்பது அவர் நிலை. 1957இல் வந்த கட்டுரைத் தொகுப்பில் ‘அதிகாரபூர்வ மார்க்சியர்கள்’ என்பதன் ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்து அவர்களை ‘ஓம்’ என்று அழைத்தார். புனித அசையின் ஒலி தற்செயலானதன்று என்று நம்பலாம்.

இத்தனைக்கும் அவருக்குச் சம்பளம் கொடுத்தது கணிதம். ஹோமி பாபாவின் அழைப்பில் பம்பாயின் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் அதன் தொடக்க ஆண்டுகளிலேயே பேராசிரியரானார். வீடு புணேயில், டெக்கான் குயின் ரயிலில் போய்வந்தார். 190 கிலோமீட்டர் வழியின் பெரும்பகுதி அவருக்குப் படிப்பறை. கார்லேவும் பாஜாவும் அந்த இருப்புப்பாதைக்கு அருகிலேயே இருப்பவை.

அங்கேதான் சரிவும் நேர்ந்தது. அணு ஆற்றலைவிடச் சூரிய ஆற்றலே இந்தியாவுக்கு ஏற்றது என்று அணுத்திட்டத்தின் தலைவரான பாபாவின் நிறுவனத்தில் இருந்துகொண்டே பேசினார். உலக அமைதி இயக்கத்தில் ஈடுபட்டார். இவை மட்டும் என்றால் தியாகக் கதையாகச் சொல்லிவிடலாம். 1959இல் அவர் ரீமான் கருதுகோளை நிகழ்தகவு வழியில் நிறுவிவிட்டதாக ஒரு கட்டுரை வெளியிட்டார், அதுவும் வேளாண் புள்ளியியல் இதழில். நிறுவல் நிற்கவில்லை. காசுகள் குருட்டுவாக்கில் கைமாறுபவை. அவற்றுக்கு நிகழ்தகவு பொருந்தும். பகா எண்கள் குருட்டுவாக்கில் விழுந்தவைபோலத் தோன்றினாலும் ஒவ்வொன்றும் முன்பே தீர்மானமானது. ஒரு கருவி ஒரு துறையில் பெற்ற வெற்றி இன்னொன்றில் கண்ணை மறைத்தது என்று கொள்ளலாம். துறை தாண்டுகிறவர்களுக்கு நேரக்கூடிய விபத்து இது. கோசாம்பியை எடுத்துக்காட்டாகக் காட்டி மாணவர்களைப் பலதுறை ஆய்வுக்கு அழைக்கும் கருத்தரங்குகளில் இந்தப் பக்கத்தைப் புரட்டுவதில்லை. சக கணிதர்களின் நம்பிக்கை குலைந்தது. 1962இல் ஒப்பந்தம் நீட்டிக்கப்படவில்லை.

ஆனால் அதே துணிச்சல்தான் 1944இல் மரபியல் இதழ் ஒன்றில் நான்கு பக்கக் கட்டுரையாக வேறொரு பலன் தந்திருந்தது. மரபணுக்களின் மறுசேர்க்கை விகிதத்திலிருந்து குரோமோசோமில் அவற்றின் தூரத்தைக் கணிக்கும் அந்தச் சூத்திரம் இன்றும் ‘கோசாம்பி சார்பு’ என்ற பெயரில் பயிர் மரபியல் மென்பொருள்களில் இயங்குகிறது. நெல்லிலும் கோதுமையிலும் அதைப் பயன்படுத்தும் ஆய்வாளர்கள் பலருக்கு அவர் வரலாறு எழுதியவர் என்பது தெரியாது. வரலாற்று மாணவர்களுக்கு இது தெரியாது.

வேலை போன பின்னும் எழுத்து நிற்கவில்லை. ‘தொன்மமும் உண்மையும்’ 1962இல் வந்தது. பண்டைய இந்தியாவின் பண்பாடும் நாகரிகமும் பற்றிய பொதுவாசகர் நூல் 1965இல் வந்தது. இடையில் அறிவியல் தொழிலக ஆராய்ச்சிக் குழுமத்தின் தகைசால் அறிவியலாளர் என்ற நிலை கிடைத்தது. 1966 ஜனவரியில் பாபா ஆல்ப்ஸ் மலையில் நேர்ந்த விமான விபத்தில் மறைந்தார். பிப்ரவரியில் ‘சயன்டிஃபிக் அமெரிக்கன்’ இதழில் கோசாம்பியின் நாணயவியல் கட்டுரை வந்தது: கால் நூற்றாண்டுக்கு முன் தொடங்கிய அதே தராசு, அதே தேய்மானம். ஜூன் 29 அன்று உறக்கத்திலேயே உயிர் பிரிந்தது, வயது 58. செந்தூரக் கற்களையும் மேய்ப்பர்களின் தடங்களையும் பற்றிய இன்னொரு கட்டுரை அதே இதழின் 1967 பிப்ரவரி வெளியீட்டில் அச்சானபோது அவர் இறந்து ஏழு மாதங்கள் ஆகியிருந்தன.